இருபது நிமிஷமும் டைரக்டர்தான்

"படத்தை நிறுத்துங்க!" என்று ராமாயி அக்கா டிவிக்கு முன்னால் போய் நின்றுவிட்டது.

நிறுத்தினால் என்ன, ஓடினால் என்ன? இருபது நிமிஷமாக டைரக்டர் ஜெக்கரியாவின் முகம்தான்.

தை மாசம் எங்கள் குத்தகை நிலத்தில் அறுப்பை அவர் வீடியோ எடுத்தார். நட்டது நாங்கள். அறுக்கக் கூடாது என்று மிராசுதார் கோர்ட்டில் தடை வாங்கிவிட்டார். மீறித்தான் அறுத்தோம். படம் எடுக்கிறார்கள் என்றதும் அக்கா கல்யாணப் பட்டுப்புடவையோடு வயலில் இறங்கியது. பத்தாவதோடு நின்ற நான், டிவியிலாவது வருவோம் என்று பவுடர் அப்பிக்கொண்டு அறுத்தேன்.

இப்போது பார்த்தால் அறுக்கிற கை வருகிறது, கதிர்க்கட்டு வருகிறது. எங்கள் முகம் வரவேண்டிய இடத்திலெல்லாம் இவர் நின்று, "இந்த மண்ணின் கண்ணீர்..." என்கிறார்.

"ஏங்க, நீங்க அருவாளைத் தொட்டீங்களா?" என்று பக்கத்தில் நின்ற டைரக்டரையே கேட்டது அக்கா.

"இல்லம்மா."

"அப்புறம் எதுக்கு உங்க மூஞ்சி?"

"பாக்கணும்னா வீட்டுல கண்ணாடி இருக்குமே. டிவி எதுக்கு?" என்றார் அரசப்பன் மாமா. எல்லாரும் சிரித்தோம்.

அப்போதுதான் ஜீப் வந்தது. சிரிப்பு நின்றது.

"தடையை மீறி அறுத்தது யாருன்னு சாட்சி சொல்ல ஒருத்தனும் வரலை. படமே இருக்காமே? முதல்லேர்ந்து போடுங்க" என்று இன்ஸ்பெக்டர் உட்கார்ந்துவிட்டார். பக்கத்தில் ஏட்டு, பேர் எழுத நோட்டோடு.

படம் ஓடியது. அக்கா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டது.

இருபது நிமிஷம். ஏட்டு நோட்டில் ஒரே பெயர், ஜெக்கரியா.

"என்னய்யா, நீ மட்டும்தான் இருக்கே?"

"திரையில தெரியணும்னு ரொம்ப ஆசை சார்."

"அது தெரியுது. வெட்டாத கேசட் எங்கே?"

"தஞ்சாவூர் ரூம்ல சார்."

"காலைல பத்து மணிக்கு ஸ்டேஷனுக்குக் கொண்டா."

"சரிங்க சார்."

ஜீப் போனது.

"அந்தக் கேசட்டுல நாங்க இருக்கமா?" அக்காதான் கேட்டது.

"எல்லாரும் இருக்கீங்க. நான்தான் இல்லை. நான் எடுத்ததுலயே நல்ல படம் அதும்மா."

மறுநாள் பத்து மணிக்கு அவர் ஸ்டேஷனில் இல்லை. எங்கள் நாற்றங்காலில் நின்றுகொண்டு, விதைநெல்லைக் குருவி கொத்தாமல் இருக்க, அந்தக் கேசட் நாடாவை உருவி உருவிக் குச்சிக்குக் குச்சி கட்டிக்கொண்டிருந்தார்.