அறைக்கொரு தேதி

தங்கை உள்ளே வந்தபோது நாட்காட்டி வாரியத் தலைவர் நாற்காலியில் ஆணி அடித்ததுபோல் உட்கார்ந்திருந்தார்.

மின்விசிறி நின்றிருந்தது. ஜன்னல் சாத்தியிருந்தது. மேஜைமேல் காபி ஆறி ஆடை கட்டியிருந்தது.

வெளியே உதவியாளர் அவளிடம் மெதுவாக நடக்கச் சொல்லியிருந்தார். தலைவர் இன்றைய தேதியைக் காத்துக்கொண்டிருக்கிறாராம்.

புதிய நாட்காட்டியில் ஊருக்கெல்லாம் பொதுவாக ஒரு தேதி கிடையாது. அறைக்கு அறை தேதி வேறு. மாற்றம் நடக்கிற இடத்தில்தான் காலம் நகரும் என்று இயற்பியல் கண்டுபிடித்துவிட்டது. சுவரில் மாட்டிய நாள்மானி அந்த அறையின் சூடு, சத்தம், அசைவு எல்லாவற்றையும் கூட்டிக்கொண்டே வரும். கூட்டல் நிரம்பினால் முள் அடுத்த நாளுக்குத் தாவும்.

விருந்தாளி வந்த வீட்டில் சாப்பிட்டுக் கை கழுவுவதற்குள் இரண்டு நாள் ஓடிவிடும்.

அலுவலகங்களில் தேதி லேசில் மாறாது. தாமதம் என்ற புகாரையே ஒழித்துவிட்டோம் என்று தலைவர் மேடைக்கு மேடை முழங்கினார். கைதட்டலுக்குக் குறைவில்லை.

வீட்டு விஷயத்திலும் அவர் மேல் புகார் சொல்ல முடியாது.

முதியோர் இல்லத்தில் இருந்த அப்பாவிடம், மறுநாளே வந்து வீட்டுக்கு அழைத்துப் போவதாகச் சொல்லிவிட்டு வந்திருந்தார். தங்கை குடியிருப்பது ஒற்றை அறை. அவர் வீட்டிலோ மாடி அறை சும்மா கிடந்தது. மனைவி வேண்டாம் என்று சொல்லவில்லை. அவர் கேட்கவே இல்லை.

தங்கை போன் செய்தபோதெல்லாம், என் அறையில் இன்னும் மறுநாள் வரவில்லையே என்று பொறுமையாக விளக்கினார். போனை வைத்த பிறகு கொஞ்ச நேரம் கையைப் பார்த்துக்கொண்டிருப்பார்.

அப்பா மட்டும் அந்த விளக்கத்தை அப்படியே நம்பினார். அவருடைய கட்டிலுக்கு மேலே இருந்த மானியைத் திறந்துவைத்ததே மகன்தானே.

இப்போது தங்கை திட்டுவாள் என்று தலைவர் எதிர்பார்த்தார். திட்டிவிட்டால்கூடத் தேவலை என்றிருந்தது.

அவள் முகத்திலோ சிரிப்பு.

"அப்பா உன் மானத்தைக் காப்பாத்திட்டாரு அண்ணா. நீ வர்றேன்னு சொன்ன நாள் அங்க வந்துடுச்சு. அது தாண்டிட்டா எம்புள்ள சொன்ன சொல்லு பொய்யாயிடும்னு, அசையாம படுத்துட்டாரு. தண்ணிகூட வேணாம்னுட்டாரு. எங்களையும் வெளிய போகச் சொல்லிட்டாரு."

முதலில் முள் அவர் பேச்சைக் கேட்கவில்லையாம். கட்டையாகக் கிடந்தாலும் அது பாட்டுக்கு ஊர்ந்துகொண்டே இருந்ததாம். அப்பா பல்லைக் கடித்துக்கொண்டு அதை முறைத்ததை, கதவிடுக்கில் நின்று பார்த்த அவளுக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்ததாம்.

"இன்னிக்குக் காலையில மறுபடி எட்டிப் பார்த்தேன். முள்ளு அப்படியே நிக்குது. எவ்வளவு நேரம் பார்த்தாலும் துளி நகரல. இப்பதான் அவருக்குப் பிடிபட்டிருக்கு. எந்திரி அண்ணா, அங்க இன்னும் நீ சொன்ன நாள்தான்."

தலைவர் தன் தலைக்கு மேலிருந்த முள்ளை நிமிர்ந்து பார்த்தார்.

எந்த மேடையிலும் அவர் சொல்லாத விஷயம் ஒன்று உண்டு. மனிதன் எப்படித்தான் அசையாமல் கிடந்தாலும் அவன் மூச்சு ஒன்று போதும், முள் நகர்ந்துகொண்டே இருக்கும். அதனால்தான் பெரிய அதிகாரிகளின் மானிகளை ஆள் நடமாட்டமில்லாத பூட்டிய அறைகளில் மாட்டிவிட்டு, அவர்கள் தலைக்கு மேல் அந்த முள்ளைக் காட்டும் வெறும் முகப்பை மட்டும் வைத்திருந்தார்கள். அவருடையதும் அப்படித்தான்.

ஆளே இல்லாத அறையில் மட்டும்தான் முள் நிற்கும்.

தங்கை அவருடைய செருப்பை எடுத்து வந்து காலருகே வைத்தாள். அப்பாவின் துணிமணியெல்லாம் பையில் அடுக்கிவிட்டதாகச் சொன்னாள். மாடி அறையைக் கூட்டிப் பெருக்கி வைத்தாயிற்றா என்று கேட்டாள்.

"ஆச்சு" என்றார்.