கேமராவின் வயிற்றெரிச்சல்

குப்பைமேட்டில் பொறுக்கியதை வைத்துச் சிலை செய்து, அதைப் படமும் எடுப்பாள் ஜெசிந்தா. அவளுடைய கேமராவுக்கு ஒரே வயிற்றெரிச்சல்.

"ஏ ஓட்டை மிக்சி, உன்னைப் போய் மடியில வச்சுத் துடைக்கிறா. நாள் முழுக்க அவ தோள்ல தொங்குறேன், என்னை ஒரு தடவை இப்படிப் பார்த்திருப்பாளா?"

"நான் செத்துட்டேன், அதான் பாக்குறா," என்றது மிக்சி.

மறுநாள் கேமரா வேண்டுமென்றே மேசையிலிருந்து உருண்டு விழுந்தது. லென்ஸ் நொறுங்கியது.

ஜெசிந்தா அதை மடியில் வைத்துத் துடைத்துத் துடைத்து, சிலைக்குக் கண்ணாகப் பொருத்தினாள். கேமராவுக்குத் தலைகால் புரியவில்லை.

அப்புறம் அவள் புது கேமராவைத் தோளில் மாட்டிக்கொண்டு கிளம்பினாள்.

சிலையின் இடுப்பாக இருந்த மிக்சியிடம் பழைய கேமரா பொருமியது: "பாத்தியா, அந்தப் புதுசு அவ தோள்ல எப்படி ஒட்டிக்கிட்டுப் போகுதுன்னு!"