கையில் இருந்த கத்தி

“கத்தியைத் தேடி உள்ளே போனீங்களா, இல்ல கையிலேயே இருந்துச்சா? நல்லா யோசிச்சுச் சொல்லுங்க.”

“கையிலதாங்க இருந்துச்சு. பாதி ஷேவிங்ல இருந்தேன்,” என்றார் சலூன்காரர், சிறையின் கம்பி வலைக்கு அந்தப் பக்கத்திலிருந்து.

வக்கீலுக்கு வயிற்றில் பால் வார்த்தது போல் இருந்தது. இருபது வருடத் தொழிலில் எத்தனையோ பேர் இந்த ஒரு கேள்விக்குத் திருதிருவென விழித்ததை அவர் பார்த்திருக்கிறார்.

பக்கத்தில் சலூன்காரரின் தங்கை உட்கார்ந்திருந்தாள். செத்தவன் அவள் கணவன். அவன் அடித்து உடைத்த மணிக்கட்டு இன்னும் சரியாக மடங்கவில்லை. அவளை வீட்டை விட்டுத் துரத்திய பிறகும், வாராவாரம் மச்சான் கடைக்கு வந்து ஓசி ஷேவிங் செய்துகொள்வதை மட்டும் அவன் விடவில்லை.

“அண்ணனுக்கு எத்தனை வருஷம் சார் கிடைக்கும்?”

“கொலைன்னு முடிவானா ஆயுள்மா. ஆனா இது கொலையே இல்லன்னு நான் வாதாடப் போறேன்.”

“ஆள் செத்துட்டாரே சார்.”

“ஆள் செத்தா எல்லாமே கொலையாகிடாதும்மா. சட்டம் கொன்னவன் மனசைப் பார்க்கும். நினைச்சு வச்சுச் செஞ்சா கொலை. திடீர்னு ஒருத்தன் ஆத்திரத்தைக் கிளப்பி, நிதானம் தவறிச் செஞ்சா, அதுவும் குத்தம்தான், ஆனா கொலைக்கு ஒரு படி கீழே. ஏழெட்டு வருஷத்துல அண்ணன் வீட்டுக்கு வந்துடுவார்.”

அவள் முகத்தில் பல நாட்களுக்குப் பிறகு கொஞ்சம் உயிர் வந்தது. இந்த உலகத்தில் அவளுக்கென்று இருந்தது அண்ணன் ஒருவர்தான்.

“உங்க மாப்பிள்ளை என்ன சொன்னார்னு இன்னொரு தடவை சொல்லுங்க,” என்றார் வக்கீல் சலூன்காரரிடம்.

“நாற்காலியில சாஞ்சுக்கிட்டு, ‘உன் தங்கச்சிக்கு ஒரு கைதான் உடைஞ்சிருக்கு, இன்னொண்ணு பாக்கி’ன்னு சிரிச்சார். என் கை தானாப் போயிடுச்சுங்க.”

“இது போதும். பேச்சுக்கும் வெட்டுக்கும் நடுவுல யோசிக்கவே நேரம் இல்ல.” வக்கீல் தன் வாதத்தை மனதுக்குள் ஓட்டிப் பார்த்தார். எங்கும் இடிக்கவில்லை.

“அண்ணன் ஈ எறும்புக்குக்கூட கெடுதல் நினைக்காதவர் சார்,” என்றாள் தங்கை. “கடையில ஒரு பொட்டு அழுக்கு இருக்காது. உக்கார்ற ஆளுக்கு முதல்ல சுத்தமான வெள்ளைத் துணியைப் போர்த்திட்டுத்தான் கத்தியையே தொடுவார். சாயம் அடிக்க வர்றவங்களுக்கு மட்டும்தான் கறுப்பு. தினமும் எல்லாத்தையும் நான்தான் துவைச்சுப் போடுவேன்.”

“இதை அப்படியே கோர்ட்ல சொல்லுங்கம்மா.”

கோப்பை மூடப் போன வக்கீலின் கண்ணில் போலீஸ் எடுத்த போட்டோ பட்டது. நாற்காலியில் செத்துக் கிடந்தவனுக்குக் கழுத்திலிருந்து முழங்கால் வரை கறுப்புத் துணி.

“உங்க மாப்பிள்ளை அன்னைக்குச் சாயம் அடிக்கவா வந்தார்?”

“இல்லீங்க, ஷேவிங் மட்டும்தான்.”

“அப்ப எதுக்குக் கறுப்புத் துணி?”

சலூன்காரர் தங்கையின் மணிக்கட்டைப் பார்த்தார்.

“வெள்ளையில ரத்தக்கறை லேசுல போகாதுங்க. அந்தக் கையை வச்சுக்கிட்டு அவதானே துவைக்கணும்?”