அழகான கையெழுத்து

“சார், வாசலைக் கிழக்குப் பக்கம் மாத்திட்டா?” என்றாள் அவள். குரல் தொண்டையைத் தாண்டவில்லை. பக்கத்து நாற்காலியில் இருந்த தலைமைப் பொறியாளருக்கு மட்டும்தான் அது கேட்டது.

அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். “மேடம், எனக்கு ஒண்ணு தோணுது. வாசலைக் கிழக்குப் பக்கம் மாத்திடுவோம்.”

எதிரே இருந்த பள்ளித் தாளாளர், மேசை முழுக்க விரிந்திருந்த வரைபடத்தின் மேல் குனிந்தார். கட்டப்போவது அவருடைய பள்ளி. மெயின் ரோட்டில் வாசல் வேண்டாம், லாரிகளுக்கு நடுவே பிள்ளைகளை விட முடியாது என்று சற்றுமுன்தான் சொல்லியிருந்தார்.

அவள் தலைகுனிந்து எழுதிக்கொண்டிருந்தாள். அவளும் வடிவமைப்பாளர்தான். ஆனாலும், “உன் கையெழுத்து முத்து முத்தா இருக்கு பாப்பா, நீயே குறிப்பெடு” என்று சேர்ந்த அன்றே நோட்டை அவள் பக்கம் தள்ளிவிட்டார் தலைமைப் பொறியாளர்.

கூட்டம் முடிந்ததும் அந்தக் குறிப்பில் எல்லோரும் கையெழுத்திட வேண்டும். பிறகு அது நிறுவன முதலாளியின் மேசைக்குப் போகும். இந்தப் பள்ளியை யார் வடிவமைத்ததாகக் குறிப்பு சொல்கிறதோ, அவருக்குத்தான் புதுக் கிளையின் பொறுப்பு என்று முதலாளி அறிவித்திருந்தார்.

மூன்று வருடத்துக்கு முன், அவளுடைய முதல் கூட்டம். சக்கர நாற்காலி ஏற ஒரு சரிவுப்பாதை வேண்டும் என்றாள். யாரும் திரும்பவில்லை. ஒரு நிமிடம் கழித்து அதையே தலைமைப் பொறியாளர் சொன்னார். “பிரமாதம் சார்!” என்றது அறை.

அன்று கழிவறைக் கண்ணாடி முன் நின்று வாயைத் திறந்து மூடிப் பார்த்தாள். சொன்னோமா, சொன்னதாக நினைத்துக்கொண்டோமா என்று அவளுக்கே சந்தேகம் வந்துவிட்டது.

ஒருமுறை அவரிடமே நேராகக் கேட்டும் பார்த்தாள். “யார் சொன்னா என்ன பாப்பா? நாமெல்லாம் ஒரே குடும்பம்” என்று சிரித்தார்.

நேற்று மதியம் பள்ளி கட்டும் இடத்துக்கு அவள் கிளம்பியபோதும் அதே சிரிப்பு. “வெயில்ல சுத்தி இன்னும் கறுத்துடாதே. எல்லாம் வரைபடத்துலயே இருக்கு.” சுற்றியிருந்தவர்களும் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள். மனம் சேராமல் வாய் மட்டும் சிரிக்கப் பழகி வெகுநாளாகியிருந்தது.

“கிழக்குப் பக்கம் போய்ப் பார்த்தீங்களா?” தாளாளர் கேட்டார்.

“பார்க்காமலா மேடம்? நல்லா யோசிச்சுத்தான் சொல்றேன்.”

“வரைபடம் எங்க நிலத்தோட முடிஞ்சிடுது. அதை ஒட்டி ஒரு குடோன் சுவர் நிக்குது, ரெண்டு ஆள் உயரத்துக்கு. பிள்ளைங்க புத்தகப் பையோட ஏறிக் குதிச்சு வரணுமா?”

தலைமைப் பொறியாளர் வரைபடத்தின் கிழக்கு ஓரத்தை விரலால் தேடினார்.

“வாசலை இப்படி வைக்கிறவர் போட்ட மாடிப்படியை நான் எப்படி நம்புறது? இதுல முந்நூறு பிள்ளைங்க ஏறி இறங்கணும்.”

“ஐயோ, வாசல் நான் சொன்னதில்ல மேடம். இவதான்!” அவர் விரல் அவள் பக்கம் நீண்டது. “வாசல் மட்டுமா? மாடிப்படி, ஜன்னல், வகுப்பறை, எல்லாமே இவ போட்டதுதான். இதுல நான் ஒரு கோடுகூடப் போடலை.”

பேனா நிற்காமல் ஓடியது. முற்றுப்புள்ளி வைத்துவிட்டுத்தான் அவள் எழுந்தாள்.

வரைபடங்களின் அடியிலிருந்து இன்னொரு தாளை உருவி மேலே விரித்தாள். வாசல் மேற்குச் சந்தில் இருந்தது. கிழக்கே, நெடுக, குடோன் சுவர். அதன் உயரம்கூடக் குறிக்கப்பட்டிருந்தது. மூலையில் நேற்றைய தேதி.

“இந்தச் சந்துல லாரி நுழையாது மேடம். நின்னு பார்த்தேன்.” இப்போது அவள் குரல் வராந்தாவரை கேட்டது.

தாளாளர் தேதியைப் பார்த்தார். பிறகு அவளைப் பார்த்தார். உதட்டோரம் லேசாக வளைந்தது.

“இதைத்தாம்மா கேட்டேன். அந்த மாடிப்படியும் ஜன்னலும் எனக்கு முதல்லயே பிடிச்சிருந்தது.” நோட்டை வாங்கி, நிதானமாக வாசித்து, கையெழுத்திட்டார்.

தலைமைப் பொறியாளருக்குப் போன உயிர் திரும்பி வந்தது. “பார்த்தீங்களா மேடம்? எல்லாம் நான்தான் பக்கத்துல உட்கார்ந்து…”

அவள் நோட்டை அவர் முன் வைத்தாள். ‘இதில் நான் ஒரு கோடுகூடப் போடவில்லை’ என்ற வரி முத்து முத்தாக இருந்தது.

“கையெழுத்துப் போடுங்க சார்.”