ஒன்பது நாடுகளும் ஒரு நாற்காலியும்

"லிப்பினா கிராமத்துப் பெருமக்களே! வரலாறு இன்று மாலை நாலரை மணிக்கு நமது மைதானத்தில் தொடங்குகிறது. வரலாற்றுக்குத் தாமதமாக வருபவர்கள் வேலியோரம் நின்றுகொள்ளவும்."

ஊர்க் கம்பங்களில் தொங்கிய ஒலிபெருக்கிகள் கரகரத்தன. கோழிக்குஞ்சு வண்டி வருகிறது, நாய்களைக் கட்டி வையுங்கள் என்பதைத் தவிர வேறெதையும் சொல்லிப் பழகாத ஒலிபெருக்கிகள் அவை. பேசியவர் ஊர்த்தலைவர் ஓட்டகார். போலந்து முதல் கஜகஸ்தான் வரை ஒன்பது நாடுகளின் புல்தரைகளை மிதித்து வந்த நடுக்கள வீரர் ராதிம், முப்பத்தெட்டாவது வயதில் முதல்முறையாகத் தாய்மண்ணுக்காக பூட்ஸ் கட்டுகிறார் என்றார். எதிரணி பக்கத்து ஊர் ப்ரெசினா என்பதை, போனால் போகிறதென்று கடைசியில் சேர்த்துக்கொண்டார்.

பீர்க்கடைக்காரர் போரெக் குவளைகளைத் துடைத்துக்கொண்டே சிரித்தார். மிதித்தது சரி, ஜெயித்தானா என்று தலைவர் சொல்லவில்லையே என்று குவளையிடம் கேட்டார்.

அவருக்கும் ராதிமுக்கும் ஒரு கணக்குத் தீராமல் இருந்தது. கடையில் அடுப்போரம் ஒரு மேசை. அதில் கண்டவர்கள் உட்கார முடியாது. ஒவ்வொரு நாற்காலிக்கும் ஒரு சொந்தக்காரர். அவர் வராத நாளில்கூட அது காலியாகத்தான் கிடக்கும். தபால்காரர் வென்ஸல் செத்துப்போனதில் ஒரு இடம் விழுந்தது. வெளிநாடெல்லாம் சுற்றி முடித்து ஊரோடு வந்துவிட்ட ராதிம், போன வாரம் அந்த நாற்காலியில் கை வைத்தான்.

"தம்பி, அது லிப்பினாவுக்கு ஒரு ஆட்டமாவது ஜெயிச்சுக் குடுத்தவங்க உக்கார்ற இடம்," என்றார் போரெக். "நீ அஜர்பைஜானுக்கு ஜெயிச்சுக் குடுத்திருப்ப. அங்க போயி உக்காரு."

மேசைக்காரர்கள் சிரித்தார்கள். ராதிம் சிரிக்கவில்லை. பதினைந்து வயதில் நகரத்து அணி கூட்டிக்கொண்டு போன பையன் அவன். போன இடத்திலெல்லாம் ஹோட்டல் நாற்காலி, விமான நாற்காலி, அதைவிட அதிகமாக மாற்று ஆட்டக்காரர் நாற்காலி. சொந்தமென்று ஒன்று கிடையாது.

"ப்ரெசினாவை ஜெயிச்சா?"

ப்ரெசினாவை லிப்பினா ஜெயித்ததை நினைவில் வைத்திருந்த கடைசி மனிதர் வென்ஸல்தான். அந்தத் தைரியத்தில் போரெக் சொன்னார்: "ஜெயிச்சா நானே இழுத்துப் போடறேன், உக்காரு."

இன்று ஊரே மைதானத்தில். போரெக்கால் போக முடியாது. ஆட்டம் முடிந்து வருகிற கூட்டத்துக்கு பீர் ஊற்றித் தர ஆள் வேண்டுமே. சமையலறை ஜன்னலைத் திறந்து வைத்தார். மைக்கை விட மனமில்லாத தலைவர் ஆட்டத்தையும் தானே வர்ணித்துக்கொண்டிருந்தார்.

லிப்பினா முதல் கோல் போட்டபோது போரெக் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தார். குருட்டு அதிர்ஷ்டம் என்றார். இரண்டாவதுக்குக் காற்றைக் குறை சொன்னார். மூன்றாவதில் கத்தியைக் கீழே வைத்துவிட்டார். ராதிம் பந்தோடு போகிறார், போய்க்கொண்டே இருக்கிறார், அவரை நெருங்கக்கூட ஒருவருக்கும் துணிவில்லை என்று தலைவரின் குரல் உடைந்தது. கடல் பிளந்து வழி விடுவதுபோல் மைதானமே அவருக்கு வழி விடுகிறதாம். ப்ரெசினாவின் கோல்கீப்பர் தனியாக நின்று கத்திக்கொண்டிருக்கிறாராம், பாவம்.

ஐந்தாவது கோலுக்கு, தான் கை தட்டுவதை போரெக்கே கவனித்தார். பக்கத்தில் யாருமில்லை என்று உறுதி செய்துகொண்டு இன்னொரு முறை தட்டினார். நெருங்கவே முடியவில்லையென்றால் அவன் பெரிய ஆட்டக்காரன்தான். ஒன்பது நாட்டுக்காரர்களும் மடையர்களா என்ன? மடையன் இங்கேயல்லவா வெங்காயம் நறுக்கிக்கொண்டிருக்கிறான்!

ஆறுக்குப் பூஜ்யம்.

ராதிமைத் தோளில் தூக்கிக்கொண்டு வந்தார்கள். வாசல் நிலை தாழ்வானது. வீரன் தலை குனிந்துதான் நுழைய வேண்டியிருந்தது. பின்னாலேயே வந்த தலைவர், இந்த நாளைக் கல்வெட்டில் பொறிக்கப் போவதாக அறிவித்தார். போரெக் கையை ஏப்ரனில் துடைத்துக்கொண்டு போய், அடுப்போர நாற்காலியை இழுத்துப் போட்டார்.

"உக்காருப்பா. தப்பா பேசிட்டேன்."

ராதிம் உடனே உட்காரவில்லை. அதன் முதுகைத் தடவிப் பார்த்தான். பிறகு மெதுவாக உட்கார்ந்து, இரண்டு கைகளையும் மேசைமேல் வைத்தான். கோப்பை வாங்குகிறவனுக்குக்கூட அப்படி முகம் மலர்ந்து போரெக் பார்த்ததில்லை. முதல் பீரை அவரே ஊற்றினார், நுரை சிந்தாமல் கொண்டுவந்து வைத்தார். மேசைக்காரர்கள் எழுந்து நின்று குவளைகளை மோதினார்கள். மூலையில் ஒருவர் அக்கார்டியனை எடுத்து வாசித்தார்.

அப்போது பின்கதவு திறந்தது. காட்டுப்பாதை வந்து முடிவது அங்கேதான். முழங்கால்வரை சேறும் தோளில் கூடைகளுமாக நாலு பேர் உள்ளே வந்தார்கள். கூடை கொள்ளாமல் காளான் பிதுங்கியது. வியாழக்கிழமை மழைக்கு இப்படி முளைத்துக் கிடக்கும்போது வீட்டிலிருக்க யாருக்கு மனசு வரும் என்று சொல்லிக்கொண்டே நாலு பீர் கேட்டார்கள்.

"ஏழு பேரு இருந்தாலே ஆட்டம் செல்லுமாமே, அதான் காட்டுக்குக் கெளம்பிட்டோம்," என்றான் அவர்களில் நெட்டையானவன். "நம்ம பசங்க சமாளிச்சாங்களா?"

போரெக் அவர்களை ஒருமுறை பார்த்தார். ப்ரெசினா அணியின் தடுப்பாட்டக்காரர்கள் மொத்தமே அந்த நாலு பேர்தான்.