எல்லைப் பிரபு

எதிரி மூன்று அங்குலம் முன்னேறியிருந்தான். குசினி ஜன்னலில் நின்று பைனாகுலரால் பார்த்த உருத்திரமூர்த்திக்கு இரத்தம் கொதித்தது.

எதிரி என்றால் பக்கத்து வீட்டுப் பூபாலசிங்கம். பிரெஞ்சு பேசும் குளிர்நாட்டு நகரான புரோசார்ட்டில் அடுத்தடுத்து வீடு வாங்கி, ஒரே நாளில் பால் காய்ச்சியவர்கள்தான் இருவரும். இடையில் நின்ற சீடர் மரவேலி கொழுக்கக் கொழுக்க நட்பு மெலிந்தது. இப்போது ஒரே ஊர்க்காரர் இருவரும் வக்கீல் வைத்துப் பிரெஞ்சில் பதிவுத் தபால் அனுப்பிக்கொள்கிறார்கள். இருவருக்குமே பிரெஞ்சு வாசிக்கத் தெரியாது என்பது வேறு விஷயம்.

"ஒரு அடி நிலத்துக்கு ஏனப்பா இவ்வளவு பாடு?" என்றார் மனைவி புஷ்பவதி.

"எனக்காகவே அடிபடுறன்? எங்களுக்கு இருக்கிறது ஒரே ஒரு பிள்ளை. இந்த வீடுவளவு அவளுக்குத்தான் எண்டு அவள் பிறந்த அண்டைக்கே சொல்லிப்போட்டன். அதிலை ஒரு அடியை அவன் விழுங்க விட்டிட்டு மிச்சத்தைக் குடுக்கச் சொல்லுறீரோ?"

அந்த ஒரே பிள்ளை கஜந்தினி, பல்கலைக்கழகத்தில் கலாநிதிப் பட்டத்துக்கு ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தாள். எண்ணூறு வருடத்துக்கு முன், இங்கிலாந்துக்கும் வேல்சுக்கும் நடுவில் எல்லையை ஆண்ட டி வோக்லேர் என்ற நோர்மன் பிரபுக் குடும்பத்தைப் பற்றிய ஆராய்ச்சி அது.

எப்போதோ செத்துப்போன வெள்ளைக்காரனை இவள் ஏன் தோண்டுகிறாள் என்று முதலில் உருத்திரமூர்த்தி முகம் சுளித்தார். அந்த எல்லையில் ராசாவின் சட்டம்கூடச் செல்லாது, பிரபு வைத்ததுதான் சட்டம் என்று கேள்விப்பட்ட நாளிலிருந்து அவரும் அந்தக் குடும்பத்தில் ஒருவராகிவிட்டார்.

"அந்த டி வோக்லேர் எப்பிடிப் பிள்ளை எல்லையைப் பிடிச்சவன்?"

"முதல்லை மண்ணைக் குவிச்சு மேடாக்கி, அதுக்கு மேலை மரத்தாலை கோட்டை கட்டினவை அப்பா."

மறுநாளே வேலியோரம் இரண்டு லொறி மண் வந்து இறங்கியது. அந்த வார முடிவில் மண்மேட்டின் உச்சியில் ஒரு தோட்டக் கொட்டில் எழுந்து, பூபாலசிங்கத்தின் தக்காளிச் செடிகளுக்கு வெயிலை மறைத்தது.

"பேந்து என்ன செய்தவன்?"

"பேந்து, பக்கத்துக் கோட்டைக்காரன் செய்யிறதுகளைப் பாத்துச் சொல்ல ஒற்றர் வைச்சிருந்தவை."

உருத்திரமூர்த்தி மகளையே ஒற்றராக்கினார். தினமும் பின்னேரம் அளவுநாடாவோடு அவளை வேலிப்பக்கம் அனுப்பினார். ஒரு அடியை அளந்து வர அவளுக்கு முக்கால் மணித்தியாலம் பிடித்தது. படித்த பிள்ளை, அதுதான் பிழை வராமல் அளக்கிறாள் என்று அவருக்குப் பெருமை பிடிபடவில்லை.

குளிர்காலம் முழுக்க இரு தரப்பும் பனியை அள்ளி மற்றவர் பக்கம் எறிந்தன. பூச்சியத்துக்குக் கீழே பதினெட்டுப் பாகை குளிரிலும் போர் ஓயவில்லை.

"இன்னும் என்ன இருக்கு உன்ரை ஆராய்ச்சியிலை?"

"ஏழாம் அத்தியாயம் இருக்கு அப்பா. அந்தக் குடும்பத்துக் கலியாணங்களைப் பற்றி. முக்கியமானதே அதுதான். கேக்கிறீங்களோ?"

"கலியாணக் கதை ஆருக்கு வேணும்? கோட்டைக் கதை இருந்தால் சொல்லு."

கஜந்தினி கணினியை மூடிவிட்டு, அளவுநாடாவை எடுத்துக்கொண்டு வேலிப்பக்கம் போனாள்.

பனி உருகிய கையோடு காணி அளப்பவர் வந்தார். அவர் சொல்வதை ஏற்றுக்கொள்வதாக இரு வக்கீல்களும் ஏற்கெனவே கையெழுத்து வாங்கியிருந்தார்கள். உருத்திரமூர்த்தி கலியாண வீட்டுக்குப் போடும் கோட்டு சூட்டைப் போட்டுக்கொண்டு மண்மேட்டில் ஏறி நின்றார். வேலிக்கு அப்பால் பூபாலசிங்கமும் மனைவி சீதேவியும் மகன் மிதுசனும் வரிசையாக நின்றார்கள்.

தோற்றுவிட்டால் மகளுக்குக் குறைந்த வளவைத்தான் கொடுக்க வேண்டும்.

அளப்பவர் காணி உறுதிப் பத்திரத்தைப் பார்த்தார், கருவிக்குள் பார்த்தார், மறுபடியும் உறுதியைப் பார்த்தார். கடைசியில் சீடர் வேலியைத் தாண்டிப் போய், பூபாலசிங்கத்தின் புல்லுக்குள் ஒரு சிவப்புக் கொடியைக் குத்தினார். வேலிக்கு அந்தப் பக்கமும் ஒரு அடி இரண்டு அங்குலம் உருத்திரமூர்த்தியின் காணிதான்.

"வெண்டிட்டம் பிள்ளை!" அவருக்குக் கண் கலங்கிவிட்டது. எதற்கும் தயாராக வைத்திருந்த இரும்புக் கட்டையையும் சம்மட்டியையும் தூக்கிக்கொண்டு கொடியடிக்கு ஓடினார். "பாத்தீரோ காணும்? இனி இதுக்குள்ளை ஒரு புல்லுக்கூட உம்மடை இல்லை!"

பூபாலசிங்கம் கத்துவார், வக்கீலின் பெயரைச் சொல்லி வெருட்டுவார் என்று அவர் எதிர்பார்த்தார். அந்த மனிதரோ சிரித்துக்கொண்டே கிட்ட வந்து, கோணலாக நின்ற கட்டையைத் தன் கையாலேயே நிமிர்த்திப் பிடித்தார்.

"அடியுங்கோ, நல்லா ஆழமா அடியுங்கோ."

உருத்திரமூர்த்தியின் சம்மட்டி பாதியில் நின்றது. "ஏன் காணும் சிரிக்கிறீர்? போறது உம்மடை காணியெல்லே?"

"போகட்டும் சம்பந்தி, முழு வளவும் என்ரை மகனுக்குத்தானே சீதனமா வரப்போகுது!"