பட்டை இல்லாத தரை

கடைசிப் பலகையை ரப்பர் சுத்தியலால் தட்டி இறக்கினேன். ஹாலில் தொடங்கிய தரை, நடையைக் கடந்து, அப்பாவின் படுக்கையறைச் சுவர்வரை ஒரே தரையாகப் போய் முடிந்தது.

நடுவில் இரண்டு வாசல்கள். ஒன்றிலும் பட்டை கிடையாது.

இருபத்தாறு வருடமாக ஊரார் வீடுகளுக்கு லேமினேட் தரை போடுகிறவன் நான். வாசலுக்கு வாசல் குறுக்கே ஓர் அலுமினியப் பட்டை வைத்தே ஆக வேண்டும். ஈரக்காற்றில் பலகை உப்பும், அதற்கு விடும் இடைவெளியை மூடத்தான் பட்டை. பட்டை வேண்டாம் என்கிறவர்களிடம், தரை மேடு தட்டினால் என்னைக் கூப்பிடாதீர்கள் என்று முகத்திலடித்தாற்போல் சொல்லிவிடுவேன்.

என் வீட்டில் நானே பிடுங்கி எறிந்தேன்.

அப்பாவுக்கு நடுக்க நோய். கை நடுங்குவதுகூடப் பரவாயில்லை. நடந்துகொண்டிருக்கும்போதே கால் திடீரென்று தரையில் ஒட்டிக்கொள்ளும். போன மாதம் படுக்கையறை வாசலில் குப்புற விழுந்து கிடந்தார். நெற்றியில் நாலு தையல். தலைக்குப் பக்கத்தில் அந்தப் பட்டை.

வேறென்ன சாட்சி வேண்டும்? பட்டைதான் தடுக்கியது என்று நானே தீர்ப்புச் சொல்லிவிட்டேன். அப்பாவை யாரும் கேட்கவில்லை.

அக்கா வந்து பார்த்தாள். இன்னொரு தடவை விழுந்தாலோ, நடை நின்றுபோனாலோ முதியோர் இல்லம்தான் என்றாள். படிவத்தை நிரப்பி ஃப்ரிட்ஜ் மேல் வைத்துவிட்டுப் போனாள். கெட்ட மனசெல்லாம் இல்லை, உள்ளதைச் சொன்னாள்.

அன்றிலிருந்து எனக்கு எதுவும் உறைக்கவில்லை. யாராவது தட்டை வைத்தால் சாப்பிட்டேன்.

நாலு நாள் வேலை. பழைய தரையைப் பிரித்தேன். கதவுகளைக் கழற்றினேன். பலகை உள்ளே நுழைய நிலைகளின் அடியை அறுத்தேன். முதல் வரிசை இம்மி கோணினாலும் கடைசி அறையில் பல்லை இளிக்கும் என்பதால் நூல் பிடித்துப் போட்டேன். முழங்கால் வலித்தது. அது ஒன்றுதான் தெரிந்தது.

"வாங்கப்பா. இனிமே தடுக்க ஒண்ணுமில்ல."

நாற்காலியிலிருந்து எழுந்தார். நடைவாசல்வரை வந்தார். நின்றுவிட்டார்.

குனிந்து தரையைப் பார்த்தார். குதிகால் நடுங்கியதே தவிர, பாதம் கிளம்பவில்லை.

"பட்டை எங்கடா? அதத் தாண்டித்தான நான் கால எடுப்பேன்."

ஒவ்வொரு வாசலிலும் அவர் குனிந்து பார்த்துக் காலை உயர்த்துவது நினைவுக்கு வந்தது. பயந்து பார்க்கிறார் என்றே நினைத்திருந்தேன். தாண்டுவதற்குக் குறுக்கே ஒன்று கிடந்தால்தான் அந்தக் கால் கிளம்பும். அன்றைக்கும் பட்டைக்கு ஓர் ஆள் நீளம் முன்னாலேயே கால் ஒட்டிக்கொண்டு, அதை எட்ட முடியாமல் விழுந்திருக்கிறார்.

பாவி, என் கையாலேயே அவர் வழியை அடைத்துவிட்டேன்.

பட்டைகள் காலையிலேயே குப்பை வண்டியில் போய்விட்டன. என்ன செய்வதென்று தெரியாமல், அவர் பாதத்துக்கு முன்னால் என் காலைக் குறுக்கே வைத்தேன்.

பார்த்தார். நோய் வந்த பிறகு அவர் முகத்துக்குச் சிரிக்க வராது. குரல்தான் சிரித்தது.

"உன்னத் தாண்டினா நீ வளர மாட்டியேடா."

எனக்கு ஐம்பத்தொரு வயது.

தாண்டினார். மறுபடி வைத்தேன். மறுபடி தாண்டினார். கட்டில்வரை பதினேழு தடவை. எண்ணிக்கொண்டே வந்தேன், வேறொன்றும் தோன்றவில்லை.

உட்காரப் போகிறார் என்று தோளைப் பிடித்தேன். அவர் உட்காரவில்லை. என்னைப் பிடித்துக்கொண்டு, கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பி, வந்த வழியைப் பார்த்து நின்றார்.

சின்ன வயதில், தரையில் படுத்திருக்கும் என்னை அக்கா தாண்டிவிட்டால் அப்பா அவளை விட மாட்டார். வந்த பக்கமே திரும்பத் தாண்டவைத்த பிறகுதான் மறுவேலை.

"கால வை" என்றார்.

வைத்தேன்.